சல்லிக்காசும் கண்ணேறும்: லத்தீன் காதல் கவிதையை ஆங்கிலம் வழியே படிப்பது பற்றி

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். தங்கள் ஞாயிறு இணைப்பில் வந்த ரோமானியக் காதல் கவிதைகளின் தமிழாக்கங்களைப் படித்தேன். கட்டுல்லஸ், புரொபெர்டியஸ், ஓவிட் மூவரும் தமிழ் நாளிதழ் ஒன்றில் ஒரே பக்கத்தில் வருவது அபூர்வம், அதற்கு நன்றி. மொழிபெயர்த்தவர் ஆங்கிலத்திலிருந்து செய்திருக்கிறார். அதைக் குறை சொல்ல மாட்டேன். லத்தீன் தெரிந்த தமிழர்களை விரல்விட்டு எண்ணிவிடலாம். என் முறையீடு வேறு. அந்தப் பக்கத்தில் இருந்த சறுக்கல்களில் பெரும்பாலானவை லத்தீன் கடினம் என்பதால் வந்தவை அல்ல; தமிழ் போதாமல் வந்தவையும் அல்ல. நடுவில் நின்ற ஆங்கிலத்துக்குச் சில வசதிக்குறைவுகள் உண்டு. லத்தீனுக்கு அவை கிடையாது, தமிழுக்கும் கிடையாது. அப்படியிருந்தும் வரும் வழியில் ஒட்டிக்கொண்டு வந்துவிட்டன.

கட்டுல்லஸின் 85ஆம் பாட்டையே எடுத்துக்கொள்வோம். இரண்டே அடி, 14 சொல். தமிழ் எழுத்தில் ஏறத்தாழ இப்படி வரும்:

ஓதீ எத் அமோ. க்வாரே இத் ஃபகியம், ஃபொர்தஸ்ஸெ ரெக்வீரிஸ்.
நெஸ்கியோ, செத் ஃபியெரீ செந்தியோ எத் எக்ஸ்க்ருகியொர்.

இந்தப் 14 சொல்லில் பெயர்ச்சொல் ஒன்றுகூட இல்லை. அடைமொழியும் இல்லை. எட்டு வினைகள், மிச்சமெல்லாம் அவற்றைக் கட்டும் சிறு சொற்கள். கண், இதழ், நிலா எதுவும் இல்லாமல் வெறும் வினைகளை வைத்தே ஒரு காதல் கவிதை. இனி இணைப்பில் வந்த தமிழ்: "நான் வெறுக்கிறேன், நான் நேசிக்கிறேன். நான் ஏன் இதைச் செய்கிறேன் என்று நீ ஒருவேளை கேட்கலாம். எனக்குத் தெரியாது, ஆனால் அது நிகழ்வதை நான் உணர்கிறேன், நான் சித்திரவதை செய்யப்படுகிறேன்." எண்ணிப் பாருங்கள்: 22 சொல், ஐந்து 'நான்', போதாக்குறைக்கு ஓர் 'எனக்கு'. லத்தீனில் 'நான்' ஒன்றுகூட இல்லை. அங்கே 'நான்' என்பது வினையின் விகுதிக்குள் இருக்கிறது, நம் 'ஏன்' விகுதியைப் போலவே. ஆங்கில வினைக்கு அந்த விகுதி இல்லாததால் ஒவ்வொரு முறையும் 'ஐ' போட்டாக வேண்டும். அந்த 'ஐ' தமிழுக்குள் 'நான்' ஆகி, தவித்துக்கொண்டிருக்கும் ஒருவனைத் தன்னையே சொல்லிச் சொல்லிப் பேசும் ஆளாக மாற்றிவிட்டது.

விகுதியை நம்பினால் தமிழ் இவ்வளவுதான்:

வெறுக்கிறேன், விரும்புகிறேன். ஏன் இதைச் செய்கிறேன் என்கிறாயோ?
அறியேன், ஆனால் ஆவதை உணர்கிறேன், வதைபடுகிறேன்.

பதினொரு சொல். இது நல்ல கவிதை என்று சொல்ல வரவில்லை. கணக்கு காட்டத்தான் எழுதினேன். 'நெஸ்கியோ' என்பது எதிர்மறையைத் தனக்குள்ளேயே வைத்திருக்கும் ஒற்றை வினை. ஆங்கிலத்துக்கு அங்கே மூன்று சொல் வேண்டும். நம்மிடம் 'அறியேன்' இருக்கிறது, அதே வார்ப்பில். 'ஃபொர்தஸ்ஸெ' என்ற ஐயச்சொல்லுக்கு 'ஒருவேளை' என்று தனியாக ஒன்றைத் தேட வேண்டாம், 'என்கிறாயோ' என்பதன் ஓகாரமே சுமந்துகொள்ளும். கடைசிச் சொல் சிலுவையைக் குறிக்கும் வேரிலிருந்து வருவது. வடிவத்தில் செயப்பாட்டு வினை. 'சித்திரவதை செய்யப்படுகிறேன்' என்றால் போலீஸ் புகார் மாதிரி இருக்கிறது. 'படு' என்ற வினைக்குத் தமிழில் அனுபவித்தல் என்ற பொருளும் உண்டே, அது இங்கே இனாமாகக் கிடைக்கிறது.

தமிழ் தோற்கும் இடத்தையும் சொல்லிவிட வேண்டும். 'ஓதீ எத் அமோ' என்பதில் நடுவில் ஓர் 'உம்' இருக்கிறது. இரண்டு முற்றுவினைகளுக்கு நடுவே 'உம்' போடத் தமிழில் வழியில்லை, காற்புள்ளிதான். 'ஃபகியம்', 'ஃபியெரீ' இரண்டும் லத்தீனில் ஒரே வினையின் செய்வினை, செயப்பாட்டு வினை வடிவங்கள். முதல் அடியில் செய்பவனாக இருந்தவன் அடுத்த அடியில் தனக்கு நேர்வதைப் பார்த்துக்கொண்டிருக்கிறான். ஆங்கிலமும் தமிழும் இதற்கு வேறு வேறு வினைகளைத்தான் தேட வேண்டும், அதனால் அந்தத் திருப்பம் பாதி போய்விடுகிறது.

படிக்கும்போது இன்னொன்று காதில் விழ வேண்டும். லத்தீன் செய்யுளில் உயிரில் முடியும் சொல்லுக்கு அடுத்து உயிரில் தொடங்கும் சொல் வந்தால் முந்தைய உயிர் விழுங்கப்படும். 'ஓதீ எத் அமோ' என்று எழுதியிருந்தாலும் 'ஓதெத் அமோ' என்றுதான் படிக்க வேண்டும். வெறுப்பின் கடைசி எழுத்தை 'உம்' தின்றுவிடுகிறது. இந்த இரண்டு அடியில் இப்படி மூன்று இடங்கள். ஆங்கிலேய மாணவனுக்கு இதைப் பழக்க ஆசிரியர் வாரக்கணக்கில் மல்லுக்கட்ட வேண்டும். 'நாடு இது' என்பதை 'நாடிது' என்று சொல்லிப் பழகிய நமக்கு ஒரு நிமிட வேலை.

அடுத்தது 5ஆம் பாட்டு, முத்தக் கணக்கு. உலகத்தில் அதிகம் மொழிபெயர்க்கப்பட்ட லத்தீன் கவிதைகளில் ஒன்று. 'வாழ்வோம், என் லெஸ்பியா, காதலிப்போம். கண்டிப்பான கிழவர்களின் பேச்சையெல்லாம் ஓர் அஸ்ஸுக்கு மதிப்போம்' என்று தொடங்கும். அஸ் என்பது ரோமானியரின் அற்ப மதிப்புள்ள செப்புக் காசு. ஆங்கிலத்தில் இது ஒருவர் கையில் பென்னி, இன்னொருவர் கையில் சென்ட். இணைப்பில் 'ஒரு பைசா' என்று வந்திருக்கிறது. பிழையில்லை, ஆனால் 'சல்லிக்காசு' என்று ஒரு சொல்லைக் கையில் வைத்துக்கொண்டு பைசாவைத் தேடிப் போவானேன்?

பெரிய இழப்பு பாட்டின் கடைசியில் இருக்கிறது. ஆயிரம் முத்தம், பிறகு நூறு, பிறகு இன்னோர் ஆயிரம், இரண்டாம் நூறு, மறுபடி ஆயிரம், மறுபடி நூறு: மொத்தம் 3,300. அதன்பின் கணக்கைக் கலைத்துவிடுவோம் என்கிறார். அந்த வினை, 'கொந்துர்பாபிமுஸ்', வட்டிக்கடை பாஷை. திவாலானவன் கணக்கைக் குழப்பிவிடுவதைக் குறிப்பது. ஏன் குழப்ப வேண்டும்? 'இத்தனை முத்தம் என்று தெரிந்தால் கெட்டவன் எவனாவது 'இன்விதேரே' செய்துவிடக் கூடாது.' அந்த வினையை ஆங்கிலம் பொறாமைப்படுதல் என்று தருகிறது. தமிழிலும் 'பொறாமை கொள்ளாதிருக்க' என்று வந்துவிட்டது. படிப்பவருக்குக் குழப்பம்: எண்ணிக்கை தெரிந்தால்தான் பொறாமை வருமா? தெரியாவிட்டால் வராதா?

அந்த லத்தீன் வினை 'பார்த்தல்' என்ற வினையில் பிறந்தது. கெட்ட பார்வை பார்ப்பது, அதாவது கண் வைப்பது. எண்ணிச் சொன்னால் கண் படும். குழந்தை எத்தனை இட்லி சாப்பிட்டது என்று வாய்விட்டு எண்ணாதே என்று அதட்டும் பாட்டிக்கு இந்த அடி அடிக்குறிப்பில்லாமல் புரியும். ஆங்கிலப் பதிப்புகள் இதற்கு ஒரு பத்தி விளக்கம் எழுத வேண்டியிருக்கிறது. அதே கவிஞரின் 7ஆம் பாட்டும் முத்தக் கணக்குத்தான். அதன் கடைசி அடியில் 'கெட்ட நாக்கு மந்திரம் வைக்கக் கூடாது' என்று வருகிறது. ஒரு பாட்டில் கண், அடுத்ததில் நாக்கு. தென் மாவட்டங்களில் 'கண்ணூறு, நாவூறு' என்று இரண்டையும் சேர்த்தே கழிப்பார்கள். இத்தனை பொருத்தமாக விழும் இடத்தைப் 'பொறாமை' என்று கடந்து போனதுதான் எனக்குப் பெரிய வருத்தம்.

நியாயமாக ஆங்கிலத்துக்கும் ஒரு மதிப்பெண் போட வேண்டும். அதே பாட்டின் நடுவில் 'நமக்கோ ஒருமுறை இந்தக் குறுகிய ஒளி மறைந்தால்' என்று ஓர் அடி 'லுக்ஸ்' என்ற ஒற்றை அசைச் சொல்லில் முடியும். அடுத்த அடி 'நொக்ஸ்' என்று தொடங்கும். ஒளி, இரவு, நடுவில் அடியின் விளிம்பு மட்டும். ஆங்கிலத்தில் 'லைட்', 'நைட்' என்று அப்படியே ஓசையோடு கிடைத்துவிடுகிறது. தமிழில் 'ஒளி', 'இரவு' இரண்டும் ஒட்டவே ஒட்டாது.

70ஆம் பாட்டில் ஓர் எச்சரிக்கை. ஆசைப்படும் காதலனிடம் பெண் சொல்வதைக் காற்றிலும் ஓடும் தண்ணீரிலும் எழுத வேண்டும் என்கிறது. 'நீர்மேல் எழுத்து' உடனே நாக்கில் வரும். வரட்டும். ஆனால் அந்த மரபுத்தொடர் நம்மிடம் தேய்ந்துபோன நாணயம். லத்தீனில் காற்று இருக்கிறது. தண்ணீரும் சும்மா தண்ணீர் இல்லை, 'ரபிதா', இழுத்துக்கொண்டு ஓடுவது. ஆயத்தமாக இருப்பதை எடுத்துப் போட்டால் அந்த வேகம் போய்விடும்.

இனிச் சொற்கள். இங்கேதான் ஆங்கிலம் வழியாக வருபவர் அதிகம் இடறுகிறார். புரொபெர்டியஸும் திபுல்லஸும் ஓவிடும் காதலியைத் 'தொமினா' என்பார்கள். வீட்டு அடிமைகள் எசமானியை அழைக்கும் சொல் அது. சுதந்திரமான ரோமானிய ஆண் ஒருவன் தன்னை ஒரு பெண்ணுக்கு அடிமை என்று சொல்லிக்கொள்வது அந்தச் சமூகத்தில் காது கூசும் பேச்சு. கவிதையின் காரமே அதில்தான். ஆங்கிலத்தில் இதற்கு 'மிஸ்ட்ரெஸ்' போடுவார்கள். அந்தச் சொல்லுக்கு அங்கே எசமானி என்ற பொருளும் உண்டு, வைத்துக்கொண்டிருக்கும் பெண் என்ற பொருளும் உண்டு. இணைப்பில் 'ஆசைநாயகி' என்று வந்துவிட்டது. ஆள்பவள் ஆளப்படுபவள் ஆகிவிட்டாள். கவிதை தலைகீழ்.

'புவெல்லா' என்பதை ஆங்கிலத்தில் 'கேர்ள்' என்பார்கள். இணைப்பில் ஓரிடத்தில் 'சிறுமி' என்று பார்த்துத் திடுக்கிட்டேன். இந்தக் கவிதைகளில் புவெல்லா என்பது வளர்ந்த பெண், சில நேரம் மணமானவள். லெஸ்பியா என்ற புனைபெயருக்குப் பின்னால் இருந்தவர் பெயர் கிளோதியா என்று இரண்டாம் நூற்றாண்டு எழுத்தாளர் அபுலேயஸ் சொல்கிறார். கி.மு. 56-இல் ரோமானியப் பேச்சாளர் கிக்கெரோ ஒரு வழக்கில் கிழித்துத் தொங்கவிட்ட, மெத்தெல்லஸ் என்பவரின் விதவையே அந்தக் கிளோதியா என்பது பலரின் கணிப்பு. 'பெண்', 'என்னவள்' எது வேண்டுமானாலும் போடலாம். 'சிறுமி' மட்டும் கூடாது. லெஸ்பியா என்பதும் அந்தரங்கப் பட்டப்பெயர் மட்டும் அல்ல. லெஸ்போஸ் தீவுக்காரி, அதாவது கிரேக்கப் பெண் கவிஞர் சாஃபோவின் ஊர்க்காரி என்று பொருள். கட்டுல்லஸின் 51ஆம் பாட்டே சாஃபோவின் கிரேக்கக் கவிதை ஒன்றைத் தழுவியது. இன்றைய ஆங்கிலச் சொல்லின் பொருளை அந்தப் பெயரில் ஏற்றிப் படிக்க வேண்டாம். பெயரை மாற்றியவர்கள் அசைக்கணக்கையும் பார்த்திருக்கிறார்கள். கிளோதியா இருந்த இடத்தில் லெஸ்பியாவை வைத்தால் யாப்பு பிசகாது. அபுலேயஸ் தரும் பட்டியலில் வேறு ஜோடிகளும் அப்படித்தான்: புரொபெர்டியஸின் ஹொஸ்தியாவுக்குச் சிந்தியா, திபுல்லஸின் பிளானியாவுக்குத் தேலியா.

கட்டுல்லஸின் 72ஆம் பாட்டில் இன்னொரு வகை இழப்பு. 'அன்று உன்னை ஊரார் காதலியை விரும்புவது போல மட்டும் விரும்பவில்லை. தகப்பன் பிள்ளைகளையும் மருமகன்களையும் விரும்புவது போல விரும்பினேன்' என்கிறார். காதல் கவிதையில் மருமகனா என்று ஆங்கில வாசகர் புருவத்தை உயர்த்துவார். நமக்கு அது வேடிக்கையாகப் படாது. ஆனால் இங்கே பயன்படும் வினை 'தீலிகெரே', 85ஆம் பாட்டில் வரும் 'அமாரே' அல்ல. முதலாவது மதிப்போடு கூடிய அன்பு, இரண்டாவது காமம் கலந்த காதல். 72ஆம் பாட்டு இந்த இரண்டும் பிரிந்து போவதைப் பற்றியது. ஆங்கிலத்துக்கு இரண்டுக்கும் 'லவ்' ஒன்றுதான். தமிழில் அன்பும் காதலும் தனித்தனியே இருக்க, இணைப்பில் இரண்டுமே 'காதல்'. மூலத்தை ஒரு கண் பார்த்திருந்தால் போதும்.

ஓவிடின் காதல் கவிதைத் தொகுப்பான 'அமோரெஸ்' முதல் நூல் 4ஆம் பாட்டு 'விர் தூஉஸ்' என்று தொடங்குகிறது. 'தூஉஸ்' என்றால் 'உன்'; 'விர்' ஆணையும் குறிக்கும், கணவனையும் குறிக்கும். 'உன் கணவன்' என்று எழுதினால் அது பிறன்மனை விவகாரம், பேரரசர் அகஸ்டஸ் கி.மு. 18 வாக்கில் கொண்டுவந்த சட்டப்படி தண்டனைக்குரிய குற்றம். 'உன் ஆள்' என்று எழுதினால் வேறு கதை. ஓவிட் வேண்டுமென்றே இரண்டுக்கும் இடம் விட்டிருக்கிறார். ஆங்கிலத்தில் ஆளுக்கொரு பக்கம் சாய்வார்கள். தமிழ்ப் பேச்சில் 'உன் ஆளு' என்பது அந்த இரட்டை நிலையை அப்படியே வைத்திருக்கிறது. அந்தப் பாட்டு ஒரு விருந்தில் மூன்றாம் ஆளுக்குத் தெரியாமல் பேசிக்கொள்ளும் சாடைகளின் அட்டவணை. நம் சுகம் நினைவுக்கு வந்தால் கட்டைவிரலால் கன்னத்தைத் தொடு, என்மீது மனத்தாங்கல் என்றால் கை காது மடலில் தொங்கட்டும், பிடித்திருந்தால் மோதிரத்தைத் திருகு. மேசைமேல் மதுவைத் தொட்டு விரலால் எழுதுவதை நீ படி. இதில் மொழிபெயர்ப்புச் சிக்கலே இல்லை. ஓவிடில் புதிதாக நுழைபவர் இங்கிருந்து தொடங்கலாம்.

இனி யாப்பு. இந்தக் காதல் கவிதைகளில் பெரும்பகுதி ஈரடிச் செய்யுள். முதல் அடியில் ஆறு சீர், இரண்டாவதில் ஐந்து. நீண்டு எழும், குறுகி அமரும். குறள் வெண்பாவின் நாற்சீர் அடியும் முச்சீர் அடியும் பழகிய காதுக்கு இந்த ஏற்ற இறக்கம் புதிதல்ல. லத்தீன் யாப்பும் நம்முடையதைப் போல அசையின் அளவை, நெட்டசை குற்றசையை, நம்பியது. ஆங்கிலத்தின் அழுத்தத்தை அல்ல. 5ஆம் பாட்டின் பதினோரசை அடியை வாயால் சொல்லிப் பார்க்கலாம்: தாதா தாதத தாத தாத தாதா. அடியின் முடிவில் இயைபு கிடையாது. ஆங்கில மொழிபெயர்ப்பில் இரண்டடிக்கு ஒருமுறை ஓசை ஒத்து முடிந்தால் அது மொழிபெயர்த்தவர் சேர்த்தது.

சேர்த்ததால் என்ன கெடும் என்பதற்கு ஷேக்ஸ்பியர் காலத்து ஆங்கிலக் கவிஞர் மார்லோ சாட்சி. 'அமோரெஸ்' முழுவதையும் முதலில் ஆங்கிலத்தில் கொண்டுவந்தவர் அவர்தான். அவருடைய ஓவிட் 1599-இல் கிறித்தவப் பேராயர்களின் ஆணையால் எரிக்கப்பட்ட நூல்களில் ஒன்று. முதல் நூல் 5ஆம் பாட்டு வெயில் கொளுத்தும் ஒரு பிற்பகல். ஜன்னல் பாதி திறந்திருக்கிறது, காதலி கொரின்னா வருகிறாள். இறுதியில் ஓவிட் சொல்வது இவ்வளவுதான்: 'மற்றது யாருக்குத் தெரியாது? களைத்து இருவரும் ஓய்ந்தோம். இப்படி நண்பகல்கள் எனக்கு அடிக்கடி வாய்க்கட்டும்.' மார்லோவுக்கு 'திஸ்' என்று முடியும் அடிக்கு ஜோடி தேவைப்பட்டது. களைத்த அவள் தன்னை முத்தமிடச் சொன்னாள் என்று எழுதிவிட்டார். மூலத்தில் அங்கே முத்தமே இல்லை, களைத்ததும் அவள் மட்டும் அல்ல. ஆங்கிலத்தில் அந்த அடிகள் அற்புதமாக இருக்கின்றன என்பது வேறு விஷயம். அவற்றை ஓவிட் என்று தமிழாக்கினால்தான் வம்பு.

'அமோரெஸ்' முதல் பாட்டில் ஒரு பகடி. கவிஞர் போர்க்காவியம் எழுத உட்காருகிறார். முதல் சொல் 'அர்மா', அதாவது ஆயுதங்கள். வர்ஜிலின் காவியமும் இதே சொல்லில்தான் தொடங்குகிறது. ஆங்கிலத்தில் 'ஆர்ம்ஸ்' என்று இருப்பதைக் 'கைகள்' என்று தமிழாக்கிய விபத்து இணைப்பில் நடக்கவில்லை, நல்லவேளை. ஆனால் அடுத்து வந்தது நடந்திருக்கிறது. காதல் தேவன் சிரித்துக்கொண்டே இரண்டாம் அடியிலிருந்து ஒரு 'பெஸ்' திருடிவிடுகிறான். ஆறு சீர் ஐந்தாகி, காவியம் காதல் கவிதையாகிவிடுகிறது. 'பெஸ்' என்பது காலடி, யாப்பில் சீர். ஆங்கில 'ஃபுட்' இரண்டுக்கும் பொருந்தும். தமிழில் 'ஓர் அடியைத் திருடினான்' என்று வந்திருக்கிறது. நமக்கு அடி என்றால் முழு வரி அல்லவா? ஒரு வரியே போய்விட்டால் ஈரடிச் செய்யுள் எங்கே மிஞ்சும்? 'ஒரு சீரைத் திருடினான்' என்று போட்டிருக்கலாம். கால் என்ற சிலேடை போய்விடும், பதிலுக்குக் கல்யாணச் சீர் என்ற புதிய சிலேடை வந்து சேரும். ஓவிட் கோபித்துக்கொள்ள மாட்டார்.

எந்த ஆங்கிலத்தைப் படிப்பது என்ற கேள்விக்கு வருகிறேன். இணையத்தில் இலவசமாகக் கிடைப்பவை பெரும்பாலும் நூறாண்டு பழையவை. அவற்றில் கத்திரி விழுந்திருக்கும். ரிச்சர்ட் பர்ட்டனின் கட்டுல்லஸ் அவர் இறந்த பிறகு 1894-இல் வந்தது. பல இடங்களில் சொல்லுக்குப் பதில் நட்சத்திரக் குறி. 1913-இல் வந்த, மூலமும் ஆங்கிலமும் எதிரெதிரே அச்சிடும் லோப் வரிசைப் பதிப்பில் கார்னிஷ் கூசும் இடங்களைத் தாண்டிப் போயிருக்கிறார். 1961 வரை வந்தும் ஆக்ஸ்ஃபோர்டின் ஃபோர்டைஸ் உரை 32 பாட்டுகளை விட்டுவிட்டது. ஆபாசம் போனால் போகட்டும் என்பவர்களுக்கு இன்னொன்று சொல்ல வேண்டும்: மூடி மறைத்தது வசவுகளை மட்டும் அல்ல. 48ஆம் பாட்டு யுவென்டியஸ் என்ற இளைஞனின் கண்களில் மூன்று லட்சம் முத்தம் கேட்கிறது. ஆங்கிலக் கவிஞர் பைரன் அதைத் தழுவியபோது அந்த இளைஞன் எல்லென் என்ற பெண்ணாகிவிட்டான். பழைய தழுவலை மட்டும் படிப்பவருக்கு இப்படி ஒரு காதலன் இருந்ததே தெரியாது.

புதியவற்றில் கட்டுல்லஸுக்குக் கை லீயின் ஆக்ஸ்ஃபோர்டு பதிப்பையும் பீட்டர் கிரீனின் 2005 கலிஃபோர்னியா பதிப்பையும் சொல்வேன். இரண்டிலும் லத்தீன் எதிர்ப்பக்கத்தில் இருக்கும். லீ சொல்லைக் கிட்டத்தில் தொடர்வார், நடை கொஞ்சம் வறண்டது. கிரீன் மூலத்தின் சந்தத்தை ஆங்கில அழுத்தத்தில் நடத்திக் காட்டப் பார்ப்பார். அதற்காகச் சில இடங்களில் சொல்லை நிரப்புவார். பீட்டர் விகமின் 1966 பெங்குவின் தனிக் கவிதையாகப் படிக்க இன்பம், மூலத்துக்கு வழிகாட்டியாக வைத்துக்கொள்ள ஆபத்து. ஸுக்கோஃப்ஸ்கி தம்பதியின் 1969 நூல் வேறு ஜாதி: பொருளைவிட ஓசையை மொழிபெயர்ப்பது. 8ஆம் பாட்டு 'மிசெர் கட்டுல்லெ' என்று தொடங்குகிறது, 'பாவப்பட்ட கட்டுல்லஸே' என்று பொருள். அவர்கள் அதை 'மிஸ் ஹர், கட்டுல்லஸ்?' என்று ஆக்கினார்கள். அவளை நினைத்து ஏங்குகிறாயா என்ற கேள்வி அது. பொருளும் தற்செயலாகப் பக்கத்தில் வந்து நிற்கிறது. அந்த நூலிலிருந்து தமிழுக்கு எதையும் கொண்டுவர முடியாது, முயலவும் வேண்டாம்.

அமெரிக்கக் கவிஞர் எஸ்ரா பவுண்டின் 1919 புரொபெர்டியஸும் அப்படித்தான். மூலத்தில் கிம்ப்ரி என்ற இனத்தாரின் மிரட்டல்கள் என்று இருக்கிறது. 'மினாஸ்' என்றால் மிரட்டல்கள். பவுண்ட் அதை ஓசையை ஒட்டி ஆங்கில 'மைன்ஸ்' என்று கொண்டு வேல்ஸ் நாட்டுச் சுரங்கங்கள் ஆக்கினார். லத்தீன் பேராசிரியர் ஒருவர் அந்த ஆண்டே பத்திரிகையில் கொதித்து எழுதினார். மொழிபெயர்க்கவே இல்லை என்பது பவுண்டின் பதில். இணைப்பில் வந்த புரொபெர்டியஸில் அந்தச் சுரங்கங்கள் இருந்தன. பவுண்டின் பெயரையும் சேர்த்துப் போட்டிருந்தால் தவறே இல்லை.

இரண்டு ஆங்கிலப் பதிப்புகள் முரண்பட்டால் ஒருவர் தவறு என்று முடிவு கட்டிவிட வேண்டாம். லத்தீனே இரண்டாக இருக்கலாம். கட்டுல்லஸின் பாட்டுகள், ஒன்றைத் தவிர, 1300 வாக்கில் வெரோனாவில் தலைகாட்டிய ஒரே ஓலை, இல்லை, ஒரே தோல் ஏட்டின் வழியாக வந்தவை. அந்த ஏடும் தொலைந்துபோய்விட்டது. அதன் வழிவந்த பிழை மலிந்த பிரதிகள் ஆக்ஸ்ஃபோர்டு, பாரிஸ், வத்திக்கானில் இருக்கின்றன. 51ஆம் பாட்டில் 8ஆம் வரி இல்லவே இல்லை; நீங்கள் ஆங்கிலத்தில் படிப்பது பதிப்பாசிரியர் ஊகித்து நிரப்பியது. 2ஆம் பாட்டின் கடைசி மூன்று வரிகள் அந்தப் பாட்டில் ஒட்டவில்லை. சிலர் சேர்த்து அச்சிடுவர், சிலர் பிரித்து. 17-க்குப் பிறகு 21 வந்தால் பக்கம் கிழிந்துவிட்டது என்று கடைக்காரரோடு சண்டைக்குப் போகாதீர்கள். 16ஆம் நூற்றாண்டுப் பதிப்பாசிரியர் ஒருவர் நடுவில் செருகிய மூன்று பாட்டுகளைப் பின்னால் வந்தவர்கள் நீக்கினார்கள், எண்ணை மட்டும் மாற்றவில்லை.

லத்தீன் தெரியாதவர் எதிர்ப்பக்கத்தை வைத்துக்கொண்டு என்ன செய்வது என்று கேட்கலாம். நிறைய செய்யலாம். முதலில் வரிகளை எண்ணுங்கள். ஆங்கிலத்தில் எட்டு, லத்தீனில் ஆறு என்றால் இரண்டு வரி எங்கிருந்தோ வந்திருக்கிறது. அடுத்து ஒவ்வொரு அடியிலும் முதல் சொல்லும் கடைசிச் சொல்லும் எவை என்று பாருங்கள். கவிஞர் கனத்தைப் பெரும்பாலும் அங்கேதான் வைத்திருப்பார். புரொபெர்டியஸின் முதல் வரியில் 'தன்' என்ற சொல் முன்னால், 'கண்களால்' கடைசியில், நடுவில் 'பாவப்பட்ட என்னை'. அவன் அவள் கண்களுக்கு நடுவே சிக்கிக் கிடக்கிறான். ஆங்கிலத்தாலும் முடியாது, அடைமொழிக்கு வேற்றுமை உருபு ஏற்காத தமிழாலும் முடியாது. கண்ணால் பார்த்துத்தான் தெரிந்துகொள்ள வேண்டும். பிறகு ஐயமான சொல்லை அமெரிக்காவின் டஃப்ட்ஸ் பல்கலைக்கழகத்தின் பெர்சியஸ் தளத்தில் சொடுக்கினால் இலக்கணமும் அகராதிப் பொருளும் இலவசமாக வரும். அங்கே ஒரு கண்ணி இருக்கிறது: லத்தீன் எழுத்தில் குறில், நெடில் தெரியாது. 'மலும்' என்று சொடுக்கினால் 'தீமை' என்றும் வரும், 'ஆப்பிள்' என்றும் வரும். அகரம் குறிலானால் தீமை, நெடிலானால் ஆப்பிள். கல்லும் காலும் வேறு என்று அறிந்தவர்கள் நாம். யாப்பைத் தட்டிப் பார்த்தால் எது என்று பிடிபட்டுவிடும். 14 சொல் பாட்டுக்கு இப்படி ஒரு மாலை நேரம் ஆகும்.

இணைப்பில் விடுபட்ட ஒருவரையும் சொல்லிவிடுகிறேன். திபுல்லஸின் பாட்டுகளோடு சேர்ந்து வந்திருக்கும் சுல்பிசியா. அந்தக் காலத்து ரோமில் ஒரு பெண்ணின் குரலில் நமக்குக் கிடைத்திருக்கும் காதல் கவிதைகள் அநேகமாக இவருடையவை மட்டுமே. ஆறு பாட்டு, மொத்தம் 40 வரி. காதலன் பெயர் கெரிந்தஸ் என்கிறார். 'கடைசியில் வந்துவிட்டது காதல்' என்று ஒன்று தொடங்குகிறது. இன்னொன்றில் பிறந்தநாளும் அதுவுமாகத் தன்னை ரோமிலிருந்து பிரித்துக் கிராமத்துக்கு இழுத்துப் போகும் உறவினர் மெஸ்ஸல்லாவோடு மல்லுக்கு நிற்கிறார். வாக்கியங்கள் முறுக்கிக்கொண்டு போகும். ஆங்கிலத்தில் அந்த முறுக்கை நீவிச் சமமாக்கிவிடுவார்கள். எச்சத்தின்மேல் எச்சம் அடுக்கிக் கடைசியில் வினையை வைக்கும் தமிழுக்கு அது அவ்வளவு சிரமமில்லை. தமிழ் மட்டும் என்றால் அந்த 40 வரி உங்கள் இணைப்பில் அரைப் பக்கம் பிடிக்கும். இடப்பக்கம் லத்தீனையும் வைத்தால் முழுப் பக்கம் வேண்டும்.

தங்கள்,
நெடுநாள் வாசகர் ஒருவர்
மதுரை